ஒசிரிஸ் சாமியும் எங்கள் வீட்டுப் பயறும்

கணவர் இறந்து வருடம் திரும்பாததால், அம்மன் திருவிழாவுக்கு என்னை முளைப்பாரி போட வேண்டாமென்று தெருவில் சொல்லிவிட்டார்கள். எதிர்த்துப் பேசிப் பழகாதவள் நான். ஆனால் அவர் எடுத்து வைத்த விதைப்பயறு டப்பாவில் கிடந்தது. அதை அவித்துத் தின்ன மனம் வரவில்லை.

அந்த வாரம் மகள் செல்போனில் ஒரு வீடியோ காட்டினாள். பழைய எகிப்தில் ஒசிரிஸ் என்று ஒரு சாமியாம். தம்பியே கொன்றுபோட, மனைவி தேடியெடுத்து உயிர் கொடுத்தாளாம். அவர் உருவத்தில் மரச்சட்டம் செய்து, மண் நிரப்பி, பார்லி விதைத்துக் கல்லறைக்குள் வைப்பார்களாம். அது முளைப்பதுபோல் இறந்தவரும் எழுவார் என்று நம்பினார்களாம்.

"ஏம்மா, இருட்டுல வச்சு வளக்குறது நம்ம பாரி மாதிரியே இருக்குல்ல?" என்றாள் மகள். அன்றே உள்ளறையில் மண்சட்டி வைத்து அந்தப் பயறை விதைத்து, கதவைச் சாத்தினேன்.

திருவிழாவுக்கு முன்பு நாத்தனார் வந்தாள். "என்ன மதினி, வேணாம்னு சொல்லியும் போட்டுட்டீகளாமே?"

"இது அம்மனுக்கு இல்லத்தா. ஒங்கண்ணனுக்கு."

அவள் கதவைத் திறந்தாள். வெயிலே படாத பயிர் வெளிர் மஞ்சளாக, நெருக்கமாக, முழ உயரத்துக்கு எழுந்து நின்றது. பிறகு அவளே செம்பை எடுத்துத் தண்ணீர் தெளித்தாள்.

இறந்தவர்கள் எழுவார்களா, எனக்குத் தெரியாது. மண்ணுக்குள் போனதை முடிந்துபோனது என்று நினைக்க, எந்த ஊர் மனைவிக்கும் மனம் வருவதில்லை போலிருக்கிறது.