லெட்சுமி அக்கா பேசிய ஒரே தமிழ் வசனம்

மலாக்காவை அடுத்த புக்கிட் காதிலில் என் வீட்டில் மதியம் துணி மடித்துக்கொண்டிருந்தேன். தொலைக்காட்சியில் கறுப்பு வெள்ளை மலாய்ப் படம். ஒரு பெண் காப்பித் தட்டோடு வந்து, கதாநாயகியிடம் இரண்டு வார்த்தை பேசிவிட்டு உள்ளே போனார். மடித்த சட்டை கையிலேயே நின்றுவிட்டது. லெட்சுமி அக்கா.

மலாயா சுதந்திரத்துக்குச் சற்று முன்பு நான் மலாக்காவின் காஜா பெராங்கில் வாடகை அறையில் தங்கித் தமிழ்ப் பள்ளியில் பாடம் நடத்தினேன். இருபது வயது, தெரியாதது எதுவுமில்லை என்ற நினைப்பு. அக்கா பக்கத்து வீடு, மலாக்கா செட்டி வம்சம்; பல நூறு வருடம் முன்பு வந்து மலாய் பேச்சுக்கு மாறிவிட்ட தமிழர் வழி. மலாய்ப் பெண்களைப்போல் கெபாயாச் சட்டை உடுத்துவார், திருநீறு பூசுவார், பேச்செல்லாம் மலாய்தான். அவர் வீட்டைக் கடந்தால் சாம்பிராணியும் சுட்ட பெலாச்சான் இறால் விழுதும் சேர்ந்து மணக்கும். ஆசிரியை என்பதால் என்னை மலாயில் ‘சிக்கு’ என்பார். தமிழில் அது வாராத தலைமுடி. என் தலைக்குப் பொருத்தமாகத்தான் இருந்திருக்கும்.

தலைமுடி என்றதும் நினைவு வருகிறது. சிங்கப்பூர் ஸ்டூடியோவுக்கு மலாய்ப் படங்களில் நடிக்கப் போகும் நாளில் அக்கா கொண்டையை அவ்வளவு இறுக்கமாகப் போடுவார். வேடமெல்லாம் தோழி, செவிலி, பக்கத்து வீட்டுக்காரி. எந்தப் படத்திலும் மூன்று காட்சிக்கு மேல் கிடையாது. அதை அவர் குறையாகச் சொன்னதுமில்லை.

ஒருமுறை மதராஸிலிருந்து வந்த குழு சிங்கப்பூரில் தமிழ்ப் படம் எடுத்தது. அக்காவுக்கு அண்ணி வேடம், ஒரு வசனம்: “மழை நிற்கட்டும் தம்பி. அப்புறம் போகலாம்.” என்னிடம் வந்து சொல்லித்தரக் கேட்டார். மலாய் எழுத்தில் எழுதிக் கொடுத்தேன். ‘ழ’ மட்டும் வரவில்லை. நான் நாக்கை மடக்கி நீட்டிக் காட்டியதை எதிர்வீட்டுக்காரர் பார்த்துவிட்டு, சில நாள் என் பக்கமே திரும்பவில்லை. மூன்றாம் வாரம் ‘ழ’ வந்தது. அன்று அக்கா மலாயில் சொன்னது இது: “சாமிகிட்டதான் இதுவரைக்கும் தமிழ் வார்த்த சொல்லியிருக்கேன். மனுசங்ககிட்ட இப்பதான்.”

படம் மலாக்காவுக்கு வந்ததும் இருவரும் போனோம். அந்தக் காட்சி வந்தது. அக்காவின் வாய் அசைந்தது. குரல் வேறு யாருடையதோ. போதாததற்கு அந்தக் குரல் “மளை” என்றது. அக்கா உட்கார்ந்தபடியே, கொட்டகை முழுவதும் கேட்கும்படி அந்த வசனத்தைச் சொன்னார். ‘ழ’ அத்தனை சுத்தம். யாரோ சத்தம் போடாதீர்கள் என்றார்கள். முன்வரிசைக்காரர் திரும்பி அக்காவைப் பார்த்தார், திரையைப் பார்த்தார், மனைவியிடம் மெதுவாகச் சொன்னார்: “அந்த அண்ணி இவங்கதான்.”

வீடு வரும்வரை நான் அந்தக் குழுவைத் திட்டிக்கொண்டே வந்தேன்.

சில மாதம் கழித்து அதே குழு இன்னொரு படத்துக்குக் கூப்பிட்டது. இந்த முறை பெரிய வேடம், மதராஸில் படப்பிடிப்பு. போகச் சொல்லி நான் வற்புறுத்தினேன். பதில் கடிதத்தை என்னையே எழுதச் சொன்னார். அதற்குள் என்னிடம் பழகியிருந்த தமிழிலேயே சொன்னார்: “கொரலும் என்னுது வேணும். இல்லாட்டி வேணாம். எழுது சிக்கு.” எழுதினேன். பதில் வரவில்லை. மலாய்ப் படங்களில் சின்ன வேடங்களுக்கே திரும்பிப் போனார். அங்கே அவர் குரல் அவருடையதாகவே இருந்தது. ஸ்டூடியோ மூடப்பட்டதும் காஜா பெராங்கிலேயே தங்கிவிட்டார். அந்தக் கடிதத்தைப் பற்றி வருத்தப்பட்டதாக எனக்குத் தெரியாது. வற்புறுத்தியதற்காக நான்தான் பின்னால் வெட்கப்பட்டேன்.

அக்கா போய்ச் சேர்ந்து பல வருடமாகிறது. கொட்டகை இருந்த இடத்தில் இப்போது கார்கள் நிற்கின்றன. அந்தத் தமிழ்ப் படத்தின் பிரதி எங்குமே இல்லை என்கிறார்கள். மலாய்ப் படங்களில் சில மிஞ்சியிருக்கின்றன. பெயர்கள் ஓடும்போது கண்ணாடி போட்டுக்கொண்டு தேடிவிட்டேன். எதிலும் லெட்சுமி என்ற பெயர் இல்லை. கடைசியில் வரும் ‘மற்றும் பலர்’ என்ற வரிக்குள் இருக்கிறார்.