குளிரறைக் கட்டு

உத்தனப்பள்ளி சாலையில் உள்ள ரோஜாத் தோட்டத்தில் சத்யப்ரியா நான்கு வருஷமாக வேலை பார்த்தாள். கல்யாணமாகி அருப்புக்கோட்டைப் பக்கமிருந்து மூக்கண்டப்பள்ளிக்கு வந்தவள். கணவன் சக்தி கம்பெனியில் லேத் ஓட்டினான். காம்பை அளந்து, அடி இலையை உருவி, இருபது இருபது பூவாகக் கட்டி, குளிரறைக்குள் அடுக்குவது அவள் வேலை. அந்த அறைக்குப் பொறுப்பும் அவள்தான்.

காதலர் தினத்துக்கு நாலு நாள் முன்னால் அவள் ஒரு தப்புச் செய்தாள். அப்போது அவளுக்கு ஐந்து மாதம் முடிந்திருந்தது. அடிக்கடி பாத்ரூமுக்கு ஓடவேண்டியிருந்தது. அப்படி ஓடிய ஒரு மத்தியானம் குளிரறைக் கதவைச் சரியாகச் சாத்தவில்லை. திரும்பி வந்தபோது உள்ளே வெக்கை ஏறியிருந்தது. மிஷினும் நின்றுபோயிருந்தது. மொட்டுகள் இதழ் நெகிழத் தொடங்கிவிட்டன. விரிந்த பூவை விமானத்தில் ஏற்றமாட்டார்கள். லாரியோ மறுநாள் காலையில்தான் வரும்.

அவள் அழுததைப் பார்த்து, பக்கத்து மேஜையில் பூக்கட்டும் சென்னம்மாள் வந்தாள். கன்னடம் பேசும் ஆனேக்கல் பக்கத்துக்காரி.

"எங்க ஊர்ல பூவுக்கு ஒரு கட்டு இருக்கு. சொல்லித் தரேன். ஆனா மூணு நாளுக்குள்ள அவுத்துடணும் சத்யா. இல்லேன்னா கட்டுனவளையும் புடிச்சுக்கும்."

சிவப்பு நூலை அறையின் நடுக்கம்பியில் சுற்றி, ஒரே மூச்சில் ஏழு கன்னட வார்த்தைகளைச் சொல்லி, சத்யப்ரியா மூன்று முடிச்சுப் போட்டாள். நெகிழ்ந்த இதழ்கள் அப்படியே நின்றன. மறுநாள் லாரி ஏறியபோதும் ஒரு மொட்டுக்கூட விரியவில்லை.

மூன்றாம் நாள் அவிழ்க்கப் போனாள். சூப்பர்வைசர் பாஸ்கரன் அங்கே நின்றிருந்தார். மிஷின் ஓடாமலே பூ வாடாத அதிசயத்தை இரண்டு நாளாக அவர் கவனித்துக்கொண்டிருந்தார்.

"அதுல கை வைக்காத."

"மூணு நாளுக்கு மேல இருக்கக்கூடாதுங்க சார்."

"கதவைத் திறந்து போட்டது யாருன்னு முதலாளிகிட்ட சொல்லவா?"

அன்று சாயங்காலமே நூலைச் சுற்றி ஒரு இரும்புப் பெட்டி அடித்துப் பூட்டுப் போட்டார். சாவி அவர் இடுப்பில் தொங்கியது. விலை இறங்கிய நாளில் பூவை உள்ளே வைத்தார். ஏறிய நாளில் வெளியே எடுத்தார்.

மார்ச்சில் ஸ்கேன் எடுத்த டாக்டர் குழந்தை ஐந்து மாத அளவிலேயே இருப்பதைப் பார்த்தார். "தேதி தப்பா சொல்லியிருக்கீங்க போல" என்று சிரித்தார். சக்தியும் அதையே சொன்னான். சத்யப்ரியாவுக்கு மட்டும் தெரிந்தது. பிப்ரவரியில் வெட்டிய நகம் அதற்கப்புறம் வளரவே இல்லை. தைத்த ஜாக்கெட் அப்படியே பொருந்தியது. குழந்தைக்கு நெஞ்சுத்துடிப்பு இருந்தது, வளர்ச்சிதான் இல்லை. ஏப்ரல் ஸ்கேனிலும் அதே அளவு. டாக்டர் இப்போது சிரிக்கவில்லை. கிருஷ்ணகிரி பெரிய ஆஸ்பத்திரிக்குச் சீட்டு எழுதிக்கொடுத்தார்.

அவள் சீட்டைக் கொண்டுபோய் சென்னம்மாளிடம் நீட்டினாள்.

"இப்ப அவுத்தா என்னக்கா ஆகும்?"

சென்னம்மாள் கையிலிருந்த காம்பைக் கீழே வைத்தாள். "எத்தன நாளு கட்டி வச்சியோ, அத்தன நாளும் ஒண்ணா வந்து விழும்."

"வயித்துக்குள்ளயுமா?"

சென்னம்மாள் சீட்டை மடித்து அவள் கையிலேயே வைத்தாள்.

அன்றோடு அறுபத்தொரு நாள். அவிழ்த்தால் ஆபத்து. விட்டால் நாளைக்கு அறுபத்திரண்டு. யோசிக்க எடுத்துக்கொள்ளும் ஒவ்வொரு நாளும் அந்த ஆபத்தோடு போய்ச் சேரும். பஸ்ஸில் உட்கார்ந்து வயிற்றில் கை வைக்கும்போதெல்லாம் உள்ளே ஓர் உயிரை வைத்துத் தானே பூட்டியதுபோல் அவளுக்குத் தோன்றியது.

மறுநாள் காலையில் பாஸ்கரனிடம் சாவி கேட்டாள். "கல்யாண சீசன் முடியட்டும்" என்றார்.

சென்னம்மாள் இதைக் கேட்டுக்கொண்டிருந்தாள். கத்தரியை மேஜைமேல் வைத்தாள். "சொல்லிக் குடுத்தவ நானு. சாவி குடுங்க சார். குடுக்கிற வரைக்கும் நான் பூ கட்டமாட்டேன்." அடுத்த மேஜைக்காரி ஏனென்று கேட்டாள், சென்னம்மாள் சொன்னாள். அவளும் கத்தரியை வைத்தாள். அரைமணி நேரத்தில் முப்பத்தெட்டுப் பெண்களும் கைகட்டி நின்றார்கள். வெளியே லாரி ஹாரன் அடித்தது. பாஸ்கரன் சாவியைத் தரையில் வீசிவிட்டுப் போனார்.

நூலை அறுத்தால் எல்லாம் ஒரேயடியாக விழும். ஒவ்வொரு முடிச்சாக அவிழ்த்தால் மூன்றாகப் பிரிந்து விழுமோ என்று சத்யப்ரியா நினைத்தாள். நிச்சயம் யாருக்கும் தெரியாது. சென்னம்மாள் பின்னாலிருந்து அவளைத் தாங்கிப் பிடித்தாள்.

முதல் முடிச்சு அவிழ்ந்ததும் அறையெங்கும் பூக்கள் விரிந்தன. அடிவயிறு உள்ளிருந்து கிழிவதுபோல் இழுத்தது. பல நாள் பட்டினி ஒன்றாகச் சேர்ந்ததுபோல் பசித்தது. யாரோ வாயில் வெல்லத்தை ஊட்டினார்கள். ஒருமணி நேரம் தரையிலேயே கிடந்தாள். இரண்டாவதில் இதழ்கள் கறுத்து உதிர்ந்தன, அவள் வாந்தியெடுத்தாள். "போதும், மிச்சத்த நாளைக்குப் பாக்கலாம்" என்றாள் சென்னம்மாள்.

"நாளைக்கு உள்ள விடமாட்டாங்கக்கா."

மூன்றாவதை அவிழ்த்ததும் மயங்கி விழுந்தாள். கண் விழித்தபோது அழுகிய பூநாற்றம் மூக்கைத் துளைத்தது. ஜாக்கெட் ஊக்கு தெறித்திருந்தது. வயிறு ஏழு மாத வயிறாக நின்றது. உள்ளே குழந்தை கோபமாகப் புரண்டது.

வேலை போயிற்று. ஜூன் கடைசியில் பெண் குழந்தை பிறந்தது. எடையில் குறை சொல்ல எதுவுமில்லை. சத்யப்ரியாவின் வயிற்றில் மட்டும் தோல் மூன்று இடத்தில் பிளந்த தழும்பு மறையாமல் கிடந்தது.

பிரசவ வார்டில் பக்கத்துக் கட்டில்காரி கேட்டாள், "உங்களுக்கு ஆறாம் மாசத்துல ரொம்ப உதைச்சுதா?"

"எனக்கு ஆறாம் மாசமே இல்லீங்க" என்றாள் சத்யப்ரியா. அவள் வேடிக்கை பேசுவதாக நினைத்து அந்தப் பெண் சிரித்தாள். குழந்தை பாலுக்கு அழுதது. சத்யப்ரியா எடுத்து மடியில் போட்டுக்கொண்டாள்.