வெள்ளப் படத்தின் மூன்றாம் டேப்

தொழிலில் அவளுக்குச் சல்லடை என்று பட்டப்பெயர். ஆவணப்படம் எடுப்பவர்கள் ஐம்பது வருஷத்துக்கு முந்தைய ரயில் நிலையம் வேண்டும், மூடிப்போன ஆலையின் வாசல் வேண்டும் என்பார்கள். சேமிப்பகங்களிலும் செத்துப்போன கேமராமேன்களின் பரண்களிலும் சலித்து எடுத்துக் கொடுப்பாள். எந்த ஊர், என்ன தேதி, யார் எடுத்தது என்று ஒவ்வொரு துண்டோடும் ஒரு தாள் எழுதி வைப்பாள். அதில் ஒரு வரி பொய் இருக்காது.

அப்படிப்பட்டவளைத்தான் அத்தான் சந்தியில் நிறுத்தினார். அக்கா புருஷன், பெரிய இயக்குநர். பதினாலு வருஷத்துக்கு முன்னால், வெள்ளத்தைப் பற்றிய தன் ஆவணப்படத்தில், அவள் தேடிக் கொடுத்த வேறு ஊர்ப் பாலம் இடிவதை இந்த ஊர்ப் பாலம் என்று ஓட்டிவிட்டார். 'இது வேறு ஊர்' என்று தாளில் சிவப்பு மையால் எழுதியிருந்தாள், படித்தால்தானே! குட்டு வெளிப்பட்டதும் மனிதர் மேடையேறி, "மச்சினியாச்சேன்னு நம்பினேன், கவுத்துட்டா" என்றார். கூட்டம் சிரித்தது. ஆறு வருஷம் அவள் வாசலை ஒரு ஈ காக்கை எட்டிப் பார்க்கவில்லை. அக்கா மட்டும் ஃபோன் செய்து, "விட்டுத் தொலைடி, அவரு சுபாவம் தெரிஞ்சதுதானே" என்றாள்.

அவள் விடவில்லை.

இப்போது ஒரு தொலைக்காட்சி அவருடைய வாழ்க்கையைப் படமெடுக்கிறது. பழைய காட்சிகளைத் தேட அமர்த்திய ஆள் சல்லடை. "குடும்பத்துக்குள்ள என்னம்மா கோபம்" என்று அத்தானே பெருந்தன்மையோடு வெள்ளப் படத்தின் டேப்புகளை அக்காவிடம் கொடுத்தனுப்பினார். வெள்ளத்தில் முங்கிய கிழவரைப் படகுக்காரர் இழுத்துப் போடும் காட்சிதான் அவருக்கு விருது வாங்கித் தந்தது. "கேமராவை ஆன் பண்ணேன், மிச்சத்தைக் கடவுள் பாத்துக்கிட்டார்" என்று போகுமிடமெல்லாம் சொல்வார்.

படத்தில் வந்த இருபது விநாடிதான் அவருக்கு நினைவு. டேப்பைக் கணினிக்கு மாற்றித் தரும் லேப்காரர்கள் எதையும் வெட்டமாட்டார்கள். முதலிலிருந்து கடைசிவரை அப்படியே ஏற்றித் தருவார்கள். மூன்றாம் டேப்பில் கிழவர் கரையில் நடுங்கிக்கொண்டு நிற்கிறார். அத்தானின் குரல்: "பெரியவரே, இன்னொரு தடவை. இந்தத் தடவை தலை முங்கணும்." கிழவர் கையெடுத்துக் கும்பிடுகிறார். நாலு தடவை முக்கியிருக்கிறார்கள், பாவிகள். சல்லடைக்குக் கண் கலங்கியது. மறு நிமிஷமே மனசு துள்ளியது. அதற்காக அவள் வெட்கப்படவும் இல்லை.

தயாரிப்பாளர் அறையில், அத்தானைப் பக்கத்தில் உட்கார வைத்தே ஓட்டினாள். நாலாவது தடவை கிழவர் இருமிக்கொண்டே எழுந்தபோது தயாரிப்பாளரம்மா கண்ணாடியைக் கழற்றினார்.

"சார், இதை முழுசா போடுவோம். இல்லன்னா உங்களப் பத்தின படமே வேணாம்" என்று சொல்லி வெளியே போனார்.

அத்தானுக்கு முகம் செத்துவிட்டது. கதவு சாத்தியதும் மச்சினியின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"இது வெளிய வந்தா என் மானம் போயிடும்மா."

"போகட்டும் அத்தான். என்னுது போயி பதினாலு வருஷமாச்சு. நான் செத்தா போயிட்டேன்?"