வெறும் வள்ளம்

அப்பாவைக் கடலுக்கு அனுப்பியவன் நான்தான். மீன் பிடிக்க அல்ல, படத்தில் நடிக்க.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். கொழும்பில் படிக்கும்போது சினிமாப் பைத்தியம் பிடித்தது. ஒரு சம்பவத்தை, அதை அனுபவித்தவர்களையே மறுபடி நடிக்க வைத்து எடுத்தால் உண்மையும் நாடகமும் ஒன்றாகிவிடும் என்று நம்பினேன். என் சின்ன வயதில், கரையிலிருந்து கடலுக்கு வீசும் கச்சான் காற்று அப்பாவை இழுத்துப்போனது. இரண்டு நாள் கழித்து மீனில்லாத வெறும் வள்ளத்தோடு எங்கள் சல்லிக் கரைக்குத் திரும்பினார். அந்த இரண்டு நாளும் அம்மா கரையில் நின்றார். அதைத்தான் எடுக்க நினைத்தேன். கையில் இருந்தது சத்தம் பதியாத இரவல் கமரா. சாவி முறுக்கினால் அரை நிமிடம் ஓடும். சுருளோ மூன்று நிமிடத்துக்குத்தான்.

"அண்டைக்கு நிண்ட மாதிரி நில்லுங்கோ அம்மா."

"அண்டைக்கு நான் என்னைப் பாத்தனானோ, எப்பிடி நிண்டதெண்டு சொல்ல?"

அப்பா பாறை முனைக்கு அப்பால் போய், சற்று நின்று, திரும்பி வரவேண்டும். வெயில் ஏறிக் கச்சான் எழும்ப முன்னரே முடிந்துவிடும். வலை வேண்டாம் என்றேன்.

"ரெண்டாந்தரமும் வெறும் வள்ளமோ?" என்று அப்பா சிரித்துக்கொண்டே வள்ளத்தைத் தள்ளிக்கொண்டு போனார்.

அம்மாவுக்கு நடிப்பு வரவில்லை. கமராவைப் பார்த்துச் சிரித்தார், சேலையைச் சரிசெய்தார். அதிலேயே பாதிச் சுருள் போயிற்று.

வெயில் ஏறியது. அப்பாவைக் காணவில்லை. காய்ந்த இலைகள் மணலில் புரண்டு கடலை நோக்கி ஓடத் தொடங்கின. கச்சான் எழும்பிவிட்டது.

கருவாடு புரட்டிக்கொண்டிருந்த பக்கத்து வீட்டு மாமி நிமிர்ந்தார். "படமெண்டு சொல்லி மனுசனைத் தள்ளிவிட்டிட்டாய். இவ்வளவு படிச்சனி, காத்தைப் படிக்கேல்லையோ?"

இரண்டு பேர் தேடிப்போக இன்னொரு வள்ளத்தை இழுத்தார்கள். அம்மா முழங்கால் அளவு தண்ணீரில் இறங்கி நின்றார். விரல்கள் மூடி மூடித் திறந்தன. நான் சாவியை முறுக்கினேன். கை தானாகச் செய்தது என்று சொல்ல ஏலாது. எனக்கு வேண்டியது இந்த நிற்புத்தான் என்று எண்ணியது நன்றாக நினைவிருக்கிறது.

கமராவின் கரகரப்புக் கேட்டு அம்மா திரும்பினார்.

"இப்பவும் எடுக்கிறியாடா?"

நான் கமராவை இறக்கவில்லை. சுருள் தீர்ந்து அதுவாகவே நின்றது.

அதற்குப் பிறகுதான் முனையில் வள்ளம் தெரிந்தது. காற்றுக்கு எதிராகத் துடுப்பு வலித்து அப்பாவின் உள்ளங்கைகள் உரிந்திருந்தன. வள்ளத்துக்குள் ஏழெட்டுப் பாரை மீன். இடுப்பில் தூண்டில் கயிற்றை ஒளித்துக்கொண்டு போயிருக்கிறார்.

"ஊரே பாத்துக்கொண்டு நிக்கேக்க வெறும் வள்ளத்தோட வாறதோ, தம்பி?"

அம்மா மீனைக் கூடையில் அள்ளிக்கொண்டு வீட்டுக்கு நடந்தார்.

கொழும்பில் கூட்டாளிகளுக்குப் படத்தைப் போட்டுக் காட்டினேன். கடைசியில் அம்மா தண்ணீரில் நின்று திரும்புகிறார். வாய் அசைகிறது. சத்தம் இல்லை.

"உன்ர அம்மா நல்லா நடிச்சிருக்கிறா, மச்சான்" என்றான் ஒருவன்.

"ஓம்" என்றேன்.