சர்க்கரைக்கு அடியில் பொட்டுக்கடலை

மல்கிரேவில் எங்கள் பக்கத்து வீட்டுக்காரர் கிரேக்கர். மனைவி இறந்து நாற்பதாம் நாள் நெருங்கியபோது, தேவாலயத்துக்குக் கொண்டுபோகும் கோலிவாவைத் தானே செய்வதென்று பிடிவாதமாக நின்றார். கோலிவா என்பது வேகவைத்த கோதுமை. மாதுளை முத்து, பாதாம், திராட்சை கலந்து தட்டில் மேடாகக் குவித்து, மேலே சர்க்கரைத் தூளைப் பூசி, இறந்தவர் பெயரின் முதல் எழுத்தைப் பாதாமால் பதிப்பார்கள். கடையில் சொல்லிவிடலாம் என்றாள் மகள். அவர் கேட்கவில்லை.

சனிக்கிழமை மாலை நானும் மனைவியும் போனபோது கோதுமையைத் துணியில் பரப்பி உலர்த்திக்கொண்டிருந்தார். நான் சும்மா இருந்திருக்கலாம். நாலு புத்தகம் படித்தவன் வாய் சும்மா இருக்குமா? இறந்தவர்களுக்குத் தானியம் வேகவைத்துப் படைப்பது கிறிஸ்துவுக்கு முந்தைய ஏதென்ஸின் வழக்கம் என்றும், மாதுளை தின்றதால் பாதாளத்தில் மாட்டிக்கொண்ட தானிய தேவதையின் மகளைப் பற்றியும் துக்க வீட்டில் ஒரு சொற்பொழிவே நிகழ்த்தினேன்.

பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். "இருக்கலாம். எங்க அம்மாவுக்கு இவதான் செஞ்சா. அப்பாவுக்கும் இவதான். இவளுக்கு நான் செய்யணும், அவ்வளவுதான்" என்றார் தன் உடைந்த ஆங்கிலத்தில்.

சர்க்கரை பூசிய கொஞ்ச நேரத்திலேயே ஓரங்களில் ஈரம் ஊறி நிறம் மங்கியது. அவர் கை அப்படியே நின்றுவிட்டது.

"கோதுமைக்கும் சர்க்கரைக்கும் நடுவுல ஒரு மாவு போடுவா… வறுத்த கடலையை அரைச்சு. மறந்தே போச்சு."

"என்னங்க, நம்ம பொட்டுக்கடலை!" என்றாள் என் மனைவி. "லெக்சர் போதும். ஓடிப்போய் மிக்சில ஒரு சுத்து சுத்தி எடுத்துட்டு வாங்க."

சட்னிக்கு வைத்திருந்ததையெல்லாம் அரைத்துக்கொண்டு ஓடிவந்தேன். ஈரச் சர்க்கரையை வழித்தெடுத்து, மாவைப் பரப்பி, புதுச் சர்க்கரையை அதன்மேல் அழுத்தினார். எழுத்தை மட்டும் எங்களைத் தொடவிடவில்லை.

ஞாயிறு காலை பாதிரியார் ஓதி முடிக்கும்வரை மேடு வெள்ளைவெளேரென்று நின்றது. பிறகு பக்கத்துக் கூடத்தில் அதைக் கிளறி, சின்னப் பைகளில் போட்டு, வந்தவர்களுக்குக் கொடுக்க வேண்டும். கரண்டியை எங்கள் பக்கத்து வீட்டுக்காரர் கையில் கொடுத்தார்கள். அவர் ஓரத்திலிருந்தே எடுத்துக்கொண்டிருந்தார். நடுவில் எழுத்து கலையாமல் இருந்தது. வரிசை நீண்டது. கறுப்புடை அணிந்த ஒரு மூதாட்டி அவர் தோளைத் தொட்டு கிரேக்கத்தில் ஏதோ சொன்னாள்.

"என்ன சொல்றாங்க?" என்று அவர் மகளிடம் கேட்டேன்.

"அதையும் குடுத்துடணுமாம். அம்மாவுக்காக எல்லாரும் சாப்பிடணுமாம்."

அவர் தலையசைத்தார். எழுத்தின் நடுவே கரண்டியை இறக்கி அடிவரை கிளறினார். பிறகு அடுத்தவரின் பைக்காகக் கையை நீட்டினார்.