ரோஸ்விதாவின் கண்ணை உறுத்திய பித்தளைப் பலகை

வைடன்ரோட ஊரில் ரோஸ்விதாவுக்கு வயிறெரிய ஆயிரம் காரணம் இருந்தது. ஆனால் முப்பத்தெட்டு வருஷம் விடாமல் எரிந்தது பக்கத்து வீட்டு அன்னெக்ரெட்டைப் பார்த்துத்தான். இரண்டு பேரும் பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சு. வீடுகளும் சுவரோடு சுவர் ஒட்டியவை.

ரோஸ்விதா மூக்குக் கண்ணாடிக் கடையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். பாதி ஊருக்குக் கண் தெரிவதே அவள் புண்ணியத்தில்தான். அவள் கண்ணோ ஒரே இடத்தில் நிலைகுத்தி நின்றது. கல்யாணமாகி அவள் அந்தத் தெருவுக்கு வந்த கோடையில், நகராட்சி அன்னெக்ரெட் வீட்டு வாசலில் ஒரு பித்தளைப் பலகை மாட்டியது. ‘ஊரின் மிகப் பழைய வீடு, 1523.’ வாசல் நிலையில் அந்த வருஷம் செதுக்கியிருந்தது, அவ்வளவுதான் ஆதாரம்.

ரோஸ்விதாவின் வீடும் பழசுதான், யார் நம்புவார்கள்? மரச்சட்டம் தெரிந்தால் பட்டிக்காடு என்று நினைத்த மாமனார், புண்ணியவான், முகப்பு முழுக்க சிமெண்டைப் பூசிவிட்டுப் போய்ச் சேர்ந்தார். ஞாயிற்றுக்கிழமை தோறும் வெளியூர்க்காரர்கள் வந்து பக்கத்து வீட்டைப் படம் பிடிப்பார்கள். அதுவும் எப்படி? இவள் வீட்டுப் படியில் ஏறி நின்றுகொண்டு!

போன வசந்தத்தில் அன்னெக்ரெட் கூரையைப் பழுது பார்க்க ஆரம்பித்தபோது, பழைய வீடாயிற்றே என்று நகராட்சி அனுப்ப, மரத்தின் வயதைக் கண்டுபிடிக்கும் நிபுணர் ஒருத்தி துளைக்கருவியோடு வந்தாள். ரோஸ்விதா ஓடிப்போய் அவளை மறித்தாள்.

“இந்தாம்மா, அந்த 1523ஐ எவன் வேணும்னாலும் செதுக்கியிருக்கலாம். எங்க வீட்டையும் துளைச்சுப் பாரு.”

“சும்மா கிடக்கிற உத்தரத்துல ஏன் ஓட்டை போடச் சொல்ற?” என்றார் கணவர் டீட்டர்.

“ஒரே ஒரு வருஷம் முந்தி வந்தாப் போதும். பலகை இங்க வந்துடும். நீங்க பேசாம இருங்க.”

இரண்டு வீட்டிலும் பென்சில் கனத்துக்கு மரத்தை உருவி எடுத்துக்கொண்டு நிபுணர் போய்விட்டாள். வளையங்களை எண்ணினால் மரம் வெட்டிய குளிர்காலமே தெரிந்துவிடுமாம். முடிவு வர ஆறு வாரம். மூன்றாவது வாரமே ரோஸ்விதா வாசல் பூந்தொட்டியை நகர்த்திவிட்டு அங்கே சுவரில் பலகைக்கென்று திருகாணியை முடுக்கிவிட்டாள்.

“என்னடி, இப்பவே ஆணி அடிச்சாச்சா?” என்றாள் அன்னெக்ரெட்.

“கொடி ஏத்தப்போறேன். உனக்கென்ன?”

அறிக்கையோடு நிபுணர் நேரிலேயே வந்தாள். தெருவில் நின்றபடியே இருவருக்கும் படித்தாள்.

“ரெண்டு வீட்டு மரமும் 1487 குளிர்காலத்துல வெட்டினது.”

“ரெண்டுமா? எங்களது ஒரு வாரமாவது முந்தி இருக்காதா?”

“முந்தவே முடியாது மேடம். ரெண்டு உத்தரமும் ஒரே ஓக் மரத்துல அறுத்தது. இது மொத்தமும் ஒரே வீடு. 1523ல யாரோ நடுவுல சுவர் வெச்சுப் பிரிச்சு, அந்தப் பக்கத்துக்குப் புது வாசல் போட்டிருக்காங்க. அந்த வருஷத்தைத்தான் செதுக்கி வெச்சிருக்காங்க.”

அன்னெக்ரெட் இடுப்பைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். “அடிப்பாவி! முப்பத்தெட்டு வருஷமா உன் சொந்த வீட்டைப் பார்த்தாடி வயிறெரிஞ்ச?”

ரோஸ்விதாவுக்கு முகம் சிவந்துபோயிற்று. டீட்டர் சிரிப்பை அடக்கமுடியாமல் வீட்டுக்குள் போய்விட்டார்.

அடுத்த மாதம் நகராட்சி ஆட்கள் வந்து, வருஷத்தை மாற்றி, பலகையை இரண்டு வீடும் சேரும் இடத்தில் மாட்டிவிட்டுப் போனார்கள். அன்னெக்ரெட் சூடான பிளம் கேக்கோடு வந்து ரோஸ்விதா வீட்டு வாசல் பெஞ்சில் உட்கார்ந்தாள். ரோஸ்விதா ஒரு துண்டு தின்றாள். “நல்லாத்தான் இருக்கு” என்று வாயில் வந்துவிட்டது. இத்தனை வருஷத்தில் அந்தக் கேக்கைப் பற்றி அவள் சொன்ன முதல் நல்ல வார்த்தை அது.

பிறகு பலகையையே பார்த்துக்கொண்டிருந்தவள், விருட்டென்று உள்ளே போய் அளவு நாடாவை எடுத்து வந்தாள்.

“ரெண்டு சென்டிமீட்டர் உன் பக்கம் கூடப் போயிருக்கு!”

“அளந்துட்டு வா,” என்றாள் அன்னெக்ரெட். “கேக் ஆறுது.”