சீசனுக்கு முந்தின சத்தியம்

ஜெஸ்வினுக்கு முப்பது வயதாகிறது. இந்த முப்பது வருடத்தில் ஜூன் முதல் ஆகஸ்ட் வரை அவன் சொந்தக் கட்டிலில் படுத்ததே கிடையாது. தென்காசியிலிருந்து குற்றாலம் போகிற வழியில், மேலகரத்தில் வீடு. இப்படி ஓர் இடத்தில் வீடு கட்டியவர்கள் வீட்டைத் தங்களுக்காகக் கட்டியதாக நினைத்துக்கொள்வது அறியாமை. தூத்துக்குடி, நாகர்கோவில், சென்னை என்று பரவிக் கிடக்கும் சொந்தங்கள் சாரல் விழுந்ததும் தங்குவதற்காகக் கட்டப்பட்டது அது. மிச்ச மாதங்களில் ஜெஸ்வின் குடும்பம் காவலுக்கு இருக்கிறது, அவ்வளவுதான்.

மே மாதம் முடியும்போதே போன் வந்துவிடும். அப்பா செத்த வருடம்கூட முதல் கேள்வி மாறவில்லை.

"ஏலே, அருவியில தண்ணி விழுதா?"

ஜெஸ்வின் சொல்லும் பதிலும் மாறாது. "வாங்க, வாங்க."

இந்த 'வாங்க' அவன் வாயில் எப்போதும் தயாராக இருக்கும். டூவீலர் ஷோரூமில் சர்வீஸ் பிரிவில் அவனுக்கு வேலை. எஞ்சினைக் கழற்றிப் பரப்பி வைத்திருக்கும் வண்டிக்கும் "சாயங்காலம் வாங்க சார், ரெடியாயிரும்" என்பான். முடியாது என்ற சொல்லை அவன் வாய் பழகவே இல்லை.

இப்படிப்பட்டவனுக்குப் புளியங்குடி ஷெர்லின் நிச்சயமானாள். அவள் அப்பாவுக்கு எலுமிச்சை கமிஷன் மண்டி. ஏலச் சத்தத்தில் வளர்ந்த பெண், சொல்வதை ஒரே தடவைதான் சொல்லுவாள். பெங்களூரில் சிநேகிதி கல்யாணத்தில் மாப்பிள்ளையும் பெண்ணும் தாங்களே எழுதிய வாக்குறுதிகளை வாசித்தார்களாம். நாமும் வாசிப்போம் என்றாள்.

ஜெஸ்வின் சர்ச்சில் பாதிரியாரான சபை ஐயரிடம் போய்க் கேட்டான்.

"கோயில்ல புத்தகத்துல உள்ளதுதான் தம்பி. மண்டபத்துல நீ என்ன வேணும்னாலும் சொல்லிக்கோ. கர்த்தரும் மைக் செட்டுக்காரனும் கேப்பாங்க" என்றார்.

ஜெஸ்வின் போனிடமே எழுதச் சொல்லி வாங்கி அனுப்பினான். 'என் வானத்தின் விடிவெள்ளியே' என்று தொடங்கியது அது. ஷெர்லின் உடனே கூப்பிட்டாள்.

"இத யாரு எழுதுனா?"

"நான்தான்."

"நீங்க விடிவெள்ளிய எப்போ பாத்தீங்க? எட்டு மணிக்குல்லா எந்திரிக்கீங்க? இதெல்லாம் வேண்டாம் ஜெஸ்வின். எனக்கு ஒரே ஒரு வாக்குதான் வேணும். சீசன்."

போன வருட சீசனில் அவள் மாப்பிள்ளை வீடு பார்க்க வந்திருந்தாள். கொடியெல்லாம் ஈரத்துண்டு. கூடம் முழுக்கப் பாய். சீயக்காய் வாடையோடு திரும்பி வருகிற கூட்டம் பசியோடு உட்கார, ஜெஸ்வினின் அம்மா ரெபேக்காள் தோசைக்கல்லை விட்டு நகரவில்லை. ஷெர்லின் பக்கத்தில் போய், "நீங்க அருவிக்குப் போகலையா அத்தை?" என்று கேட்டாள். "நான் பாத்ரூம்லயே குளிச்சிட்டேம்மா" என்றாள் ரெபேக்காள். கல்யாணமாகி வந்த வருடம் அருவியில் குளித்ததோடு சரியாம்.

ஷெர்லினுக்கு அன்றைக்கே விளங்கிவிட்டது. அந்தத் தோசைக்கல்லுக்கு அடுத்த ஆள் எடுக்கிறார்கள்.

ஜெஸ்வின் மறுபடி எழுதினான். 'சாரல் காலத்தில் ஏற்படும் சிரமங்களை இருவரும் இணைந்து எதிர்கொள்வோம்.'

"புயல் எச்சரிக்கை மாதிரி இருக்கு" என்றாள்.

'விருந்தினர் வருகையை முறைப்படுத்துவேன்.'

"கலெக்டர் ஆபீஸ்ல ஒட்டிருவோமா? யாரு வாராக, யாரு சமைக்கா, அத எழுதுங்க. எழுதலன்னா நான் என் பங்க வாசிக்க மாட்டேன். மைக்கப் பிடிச்சிக்கிட்டு சும்மா நிப்பேன். எல்லாரும் பாக்கட்டும்."

அவள் நிற்பாள் என்பதில் ஜெஸ்வினுக்குச் சந்தேகமில்லை. சொன்னால் சொந்தம் போகும், சொல்லாவிட்டால் ஷெர்லின் போவாள். ஷோரூமில் கிளட்ச் கேபிள் மாற்றிக்கொண்டிருந்த மெக்கானிக்குக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஒருவழியாக எழுதி முடித்தான். வீட்டில் அம்மாவுக்கு வாசித்துக் காட்டினான்.

ரெபேக்காள் பதறினாள். "ஏலே, வேண்டாம்லே. ஒங்க ஜெயசீலி அத்தை மூஞ்சியத் தூக்கிருவா. சபைக்கு நடுவுல இப்படியா பேசுவாக?"

சற்றுப் பொறுத்து, உள்ளே போகத் திரும்பியவள் நின்றாள்.

"அந்தக் கடைசி வரிய இன்னொரு மட்டம் வாசி."

மே கடைசியில் கல்யாணம். கோயிலில் எல்லாம் புத்தகப்படி நடந்தது. மண்டபத்தில் பிரியாணிக்கு முன்னால் வைத்தால்தான் ஆள் இருக்கும் என்று வாக்குறுதியை முன்னால் வைத்தார்கள். "மணமக்கள் இப்போது உறுதிமொழி எடுப்பார்கள்" என்று அறிவித்ததும், முன் வரிசையில் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் பழக்கத்தில் வலது கையை நீட்டிவிட்டார்.

ஜெஸ்வின் மைக்கைப் பிடித்தான். எதிரே, அவன் கட்டிலில் முப்பது வருடமாகப் படுத்தவர்கள் அத்தனை பேரும் பட்டுடுத்தி உட்கார்ந்திருந்தார்கள். பக்கத்தில் ஷெர்லின் தன் பங்கு எழுதிய தாளை நாலாக மடித்து வைத்திருந்தாள். பிரிக்கவில்லை.

"ஷெர்லின், சீசனுக்குச் சொல்லாம கொள்ளாம வாரவங்களுக்கு லாட்ஜுல ரூம் பாத்துக் குடுப்பேன். சொல்லிட்டு வாரவங்களுக்கு அடுப்படியில நான் நிப்பேன். நீயும் அம்மாவும் அருவிக்குப் போவீங்க."

தலைமையாசிரியரின் கை மெல்ல இறங்கியது. எங்கிருந்தோ ஒரு கைதட்டல் கிளம்பியது. பிறகு எல்லோரும் தட்டினார்கள், விசில்கூட வந்தது. நாகர்கோவில் பெரியப்பா சென்னைக்காரர்களைத் திரும்பிப் பார்த்துத் தட்டினார். சென்னைக்காரர்கள் தூத்துக்குடிக்காரர்களைப் பார்த்துத் தட்டினார்கள். இது தங்களைத்தான் சொல்கிறது என்று அந்த மண்டபத்தில் ஒரு ஜீவனுக்கும் தோன்றவில்லை.

ஷெர்லின் தாளைப் பிரித்துத் தன் பங்கை வாசித்தாள். அதை யாரும் கேட்கவில்லை. பிரியாணி வாடை வந்துவிட்டது.

வாழ்த்த மேடையேறியவர்களில் முதல் ஆள் ஜெயசீலி அத்தை. ஜெஸ்வின் கன்னத்தைக் கிள்ளினாள்.

"நல்லா ஒறைக்கிற மாதிரி சொன்னே மக்கா! கண்டவனும் வந்து வாரக்கணக்கா அடைஞ்சி கெடக்கானுவ, பாவம் ஒங்கம்மா. சரி, நாங்க தண்ணி விழுந்ததும் வாரோம். நாங்கதான் சொல்லிட்டு வாரோம்லா?"

"வாங்க அத்தை."

சொல்லி முடித்த பிறகுதான் சொன்னதே அவனுக்குத் தெரிந்தது. அவன் முழங்கையைப் பிடித்திருந்த ஷெர்லினின் கை விலகியது. போட்டோக்காரன், "மேடம், கொஞ்சம் சிரிங்க" என்றான். மேடம் சிரிக்கவில்லை.

ஜெஸ்வின் அத்தை பக்கம் திரும்பினான்.

"நான்தான் சமைக்கேன் அத்தை."

"நீயா? ஒனக்கு என்னலே தெரியும்?"

"ஓட்ஸ்."

"காலையில சரி. மத்தியானத்துக்கு?"

"ஓட்ஸ்தான். கொஞ்சம் கெட்டியா."

அத்தை சிரித்துப் பார்த்தாள். மருமகன் சிரிக்கவில்லை. "போலே, ஒங்கம்மா ஒரு மீன் கொழம்பு வைக்க மாட்டாளாக்கும்?"

பின்னால் பன்னீர்த் தட்டோடு நின்ற ரெபேக்காளின் முகம் சிவந்திருந்தது. நாத்தனாரிடம் அவள் இதுவரை எதையும் மறுத்ததில்லை.

"நான் இருக்க மாட்டேன் மதினி" என்றாள். "ஐந்தருவிக்குப் போயிருவேன்."

அத்தை மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். அப்புறம் மேடைக்குக் கீழே நின்ற மாமாவைக் கூப்பிட்டாள்.

"ஏங்க, போன தடவ ஒங்க கூட்டாளி தங்குனாரே ஒரு லாட்ஜு, அந்த நம்பர் வச்சிருக்கீங்களா?"